பீரோ தோற்கும், மணல் மூட்டை ஜெயிக்கும்

1771 மார்ச் மாதம். மேல்கோட்டை மலைப் பகுதியில் தங்கியிருந்த ஹைதர் அலியின் படை, மராட்டியருக்குத் தெரியாமல் இரவோடு இரவாகச் சீரங்கப்பட்டணத்துக்குத் திரும்பிவிட முயன்றது. வழியில் சினகுரளி என்ற ஊரருகே மராட்டியத் தளபதி திரியம்பக்ராவின் படை பிடித்துக்கொண்டது. ஹைதருக்கு அது மறக்கமுடியாத தோல்வி. வென்றவர்கள் அடுத்துக் கைவைத்தது மேல்கோட்டை மீது. ஊர்க்காரர்கள் வீடுகளை அப்படியே போட்டுவிட்டுக் காட்டுக்குள் ஓடிவிட்டார்கள். கோயில் தேர்களின் இரும்புப் பட்டைகளுக்காக மராட்டியர் தேர்களைக் கொளுத்த, தீ கோயில் கட்டடங்களுக்கும் பரவியது என்று பழைய மைசூர்க் குறிப்புகள் சொல்கின்றன.

ஓடியவர்கள் செய்தது சரி. ஓடாமல், கதவைச் சாத்திக்கொண்டு வீட்டுக்குள்ளேயே இருந்திருந்தால்? தேக்குக் கதவு, பித்தளை அண்டா, நெல் குதிர், ஆட்டுக்கல், மடித்து வைத்த பட்டுப்புடவை, ஓலைச்சுவடிக் கட்டு என்று ஒரு வீட்டில் இருக்கக்கூடியவற்றில் எது துப்பாக்கிக் குண்டைத் தடுத்திருக்கும்? இன்றைய வீட்டில் அதே இடத்தில் ஸ்டீல் பீரோவும் ஃபிரிட்ஜும் சோபாவும் இருக்கின்றன. கேள்வி மாறவில்லை. சினிமா இதற்கு ஒரு பதிலைப் பல ஆண்டுகளாகச் சொல்லிக்கொண்டிருக்கிறது. 1975-இல் வந்த 'தீவார்' படத்தில் அமிதாப் பச்சனின் சட்டைப் பையில் இருக்கும் 786 என்ற எண் பொறித்த பில்லை குண்டைத் தடுத்துவிடுகிறது. அந்தக் கதைதான் தமிழில் ரஜினிகாந்த் நடிக்க 'தீ' ஆனது.

அந்தப் பில்லையிலிருந்தே கணக்கைத் தொடங்கலாம்.

சாதாரண 9 மில்லிமீட்டர் கைத்துப்பாக்கியின் குண்டு 8 கிராம் எடை கொண்டது. நொடிக்கு 360 மீட்டர் வேகத்தில் வருகிறது என்று வைத்துக்கொண்டால் அதன் இயக்க ஆற்றல் சுமார் 500 ஜூல். பெரிய எண் அல்ல. சைக்கிளில் மெதுவாகப் போகிறவரிடம்கூட ஏறக்குறைய அவ்வளவு ஆற்றல் உண்டு. ஆபத்து எங்கே என்றால், குண்டின் ஆற்றல் முழுவதும் சுண்டுவிரல் நகத்தளவு இடத்தில் இறங்குகிறது. அதை நிறுத்த எவ்வளவு விசை வேண்டும் என்பது, எவ்வளவு தூரத்துக்குள் நிறுத்துகிறோம் என்பதைப் பொறுத்தது. 20 சென்டிமீட்டர் தூரம் கொடுத்தால் சராசரியாகக் கால் டன் எடைக்குச் சமமான விசை போதும். ஒரு சென்டிமீட்டருக்குள் நிறுத்த வேண்டுமானால் 5 டன் வேண்டும். அரை சென்டிமீட்டர் என்றால் 10 டன். அந்தப் பத்து டன்னையும் பில்லை தாங்க வேண்டும். தாங்கினாலும், பில்லைக்குப் பின்னால் இருக்கிற நெஞ்செலும்பும் தாங்க வேண்டும். சாய்வாக உரசிச் செல்லும் குண்டாகவோ, தொலைவிலிருந்து வந்து களைத்த குண்டாகவோ இருந்தால் நடக்கலாம். போர்களில் நாணயமும் சிகரெட் டப்பாவும் உயிர் காத்த கதைகள் அப்படித்தான் நிகழ்ந்திருக்க வேண்டும். பைக்குள் நாணயம் இருந்தும் செத்தவர்களின் கதையை யாரும் எழுதி வைப்பதில்லை என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

இதே கணக்கு பீரோவையும் விழுத்திவிடுகிறது. பார்க்கக் கனமாக இருக்கும் ஸ்டீல் பீரோவின் தகடு பெரும்பாலும் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவான தடிப்பு. காரின் கதவும் ஏறத்தாழ அப்படித்தான். ஃபிரிட்ஜ் என்பது மெல்லிய தகடு, நடுவே நுரை, உள்ளே பிளாஸ்டிக். சினிமாவில் கதாநாயகன் கவிழ்த்துப் போட்டு மறைந்துகொள்ளும் மேசையை ஒட்டுப்பலகையில் செய்கிறார்கள்; குண்டுக்கு அது கிட்டத்தட்ட இல்லாததற்குச் சமம். சோபா, மெத்தை, கட்டில் எல்லாம் கண்ணை மறைக்கும், குண்டை மறிக்காது. மேல்கோட்டை வீட்டின் தேக்குக் கதவு கொஞ்சம் மேல். ஆனால் ஓர் அங்குலமோ இரண்டு அங்குலமோ உள்ள மரம் இன்றைய ராணுவத் துப்பாக்கிக்கு ஒரு பொருட்டே இல்லை. முதல் உலகப் போர்க் காலப் பிரிட்டிஷ் ராணுவக் கையேட்டில் .303 துப்பாக்கிக் குண்டை நிறுத்த மென்மரமானால் 58 அங்குலம் வேண்டும் என்று கணக்குக் கொடுத்திருந்தார்கள். ஏறக்குறைய ஐந்தடி.

கல் தடுக்கும். ஆட்டுக்கல்லைத் துளைக்கக் கைத்துப்பாக்கியால் முடியாது. ஆனால் கருங்கல்லில் பட்ட குண்டு எகிறும், கல்லின் சில்லுகளும் தெறிக்கும். கல்லுக்குப் பின்னால் இருப்பவர் தப்பினால் பக்கத்தில் இருப்பவர் அடிபடுவார். கெட்டியான எதற்கும் இந்தக் குணம் உண்டு: ஆற்றலை விழுங்காது, திருப்பி விடும் அல்லது உடைந்து சிதறும்.

கோட்டை கட்டியவர்கள் இதைப் பெரிய அளவில் பட்டுத் தெரிந்துகொண்டார்கள். 1799-இல் சீரங்கப்பட்டணத்தின் கல் மதிலை ஆங்கிலேயரின் முற்றுகைப் பீரங்கிகள் சில நாட்களிலேயே பிளந்துவிட்டன. மே 4 அன்று பிற்பகல் அந்தப் பிளவின் வழியே படை உள்ளே புகுந்தது. ஹைதரின் மகன் திப்பு அன்று உடுத்தியிருந்தது மெல்லிய வெள்ளைச் சட்டை. உடலில் மூன்று காயங்கள், நெற்றிப்பொட்டில் ஒன்று. கையில் கட்டியிருந்த தாயத்தும் உதவவில்லை. அடுத்த இரண்டே ஆண்டுகளில், 1801-இல், கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரையும் அவர் ஆட்களும் பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பி வந்து, இடித்துத் தள்ளப்பட்டிருந்த பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையை மண்ணால் விரைவாக எழுப்பினார்கள். மார்ச் 31 அன்று பீரங்கிகளோடு வந்து மோதிய கிழக்கிந்தியக் கம்பெனிப் படை பெரும் சேதத்தோடு பின்வாங்கியது. கோட்டை விழுந்தது மே 24 அன்றுதான், கூடுதல் படையும் பீரங்கிகளும் வந்து சேர்ந்த பிறகு. சீரங்கப்பட்டணத்தின் மீது சுட்ட பீரங்கிகளை விட இவை சிறியவை என்பது உண்மை. இரண்டையும் அப்படியே ஒப்பிடக் கூடாது. ஆனால் 1805-இல் பரத்பூரின் மண் கோட்டை மீது ஜெனரல் லேக் நான்கு முறை மோதித் தோற்றதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், மண்ணின் பெருமை புரியும். கல் மதிலில் விழுந்த குண்டு விரிசலைத் தொடங்கி வைக்கிறது. அடுத்த குண்டு அதை வளர்க்கிறது. மண்ணில் விழுந்த குண்டு மண்ணுக்குள் புதைந்து மண்ணின் எடையைக் கூட்டிவிட்டுப் போகிறது.

விட்டுக்கொடுத்து நிறுத்துவதுதான் சங்கதி. பீரோவுக்கும் பில்லைக்கும் விட்டுக்கொடுக்க இடமில்லை.

விட்டுக்கொடுப்பதில் துணியும் கெட்டிக்காரன். நம் நாட்டுக் குதிரைவீரர்கள் பல மடிப்பாகப் பஞ்சு வைத்துத் தைத்த அங்கிகளை அணிந்திருந்தார்கள். வாள்வெட்டு அதில் இறங்காது. தொலைவிலிருந்து வரும் ஈய உருண்டையின் வேகத்தையும் அது ஓரளவு பிடித்திருக்கும். கொரியாவில் 1860-களில், பிரெஞ்சுக்காரர்களின் துப்பாக்கிகளைப் பார்த்து அரண்ட அரசு, எத்தனை மடிப்புப் பருத்தித் துணி குண்டைத் தடுக்கும் என்று சுட்டுச் சோதித்து, பத்துக்கும் மேற்பட்ட மடிப்புகளில் கவச அங்கிகளைத் தைத்தது. 1871-இல் அமெரிக்கக் கடற்படையோடு நடந்த மோதலில் வீரர்கள் அவற்றை அணிந்தார்கள். கோடை வெயிலில் அவர்கள் வெந்தார்கள். வெடிச் சிதறல் பட்டால் அங்கியே தீப்பற்றியது. பருத்திக் கவசத்தின் கதை அத்தோடு முடிந்தது.

பட்டின் கதை சுவையானது. மைசூர் நாட்டில் பட்டு வளர்ப்பை வேரூன்றச் செய்தவர் திப்பு. 1780-களில் வங்காளத்திலிருந்து பட்டுப்புழு வரவழைத்தார். இன்றும் மாண்டியா, ராமநகரப் பக்கம் மல்பெரித் தோட்டங்கள் உண்டு. அந்த நூல் குண்டை நிறுத்தும் என்று கண்டுபிடித்தவர் பாதி உலகத்துக்கு அப்பால் இருந்த ஒரு மருத்துவர். அமெரிக்காவின் அரிசோனாவில், துப்பாக்கிச் சண்டைக்குப் பேர்போன டூம்ஸ்டோன் ஊரில், ஜார்ஜ் குட்ஃபெலோ என்ற அறுவை மருத்துவர் 1881-இல் சுடப்பட்டு இறந்த ஒருவரின் உடலைப் பார்த்தார். குண்டு நெஞ்சுக்குள் போயிருந்தது. கூடவே சட்டைப் பையில் இருந்த பட்டுக் கைக்குட்டையும் போயிருந்தது. எலும்பும் சதையும் கிழிந்திருக்க, பட்டு மட்டும் கிழியவில்லை. கைக்குட்டையைப் பிடித்து இழுத்தபோது குண்டும் சேர்ந்து வெளியே வந்தது. இப்படிச் சில நிகழ்வுகளைத் தொகுத்து, பட்டைக் குண்டு துளைப்பதில்லை என்று 1887-இல் மருத்துவ இதழில் எழுதினார். அதே வழியில் சிகாகோவில் இருந்த கசிமிர் ஜெக்லென் என்ற போலந்துப் பாதிரியார் நெருக்கமாக நெய்த பட்டில் மார்புக் கவசம் செய்து 1897-இல் காப்புரிமை பெற்றார். அது உண்மையிலேயே அக்காலக் கைத்துப்பாக்கிக் குண்டை நிறுத்தியது. இங்கிலாந்தின் ராயல் ஆர்மரிஸ் அருங்காட்சியகம் 2014-இல் அதே முறையில் பட்டு அடுக்குகளைச் செய்து சுட்டுப் பார்த்து உறுதி செய்தது.

காரணம், பட்டு இழை அறுவதற்கு முன் தன் நீளத்தில் ஆறில் ஒரு பங்கு வரை நீளும். குண்டு ஓர் இழையை இழுக்கும்போது அந்த இழுப்பு இழை நெடுக அலையாக ஓடி, பக்கத்து இழைகளையும் வேலைக்கு இழுத்துவிடுகிறது. சுண்டுவிரல் நகத்தில் இறங்க வேண்டிய ஆற்றல் கையகலத்துக்குப் பரவுகிறது. 1965-இல் டூபாண்ட் நிறுவனத்தில் ஸ்டெஃபனி குவோலெக் கண்டெடுத்த இழை பின்னர் கெவ்லர் ஆனது. அதுவும் இதே வித்தையைத்தான் இன்னும் வேகமாகச் செய்கிறது. கெவ்லரில் அலை ஓடும் வேகம் நொடிக்குப் பல கிலோமீட்டர். குண்டு ஒரு மில்லிமீட்டர் நகர்வதற்குள் செய்தி வெகுதூரம் போய்விடும்.

அப்படியானால் பீரோவை நம்பாமல் பீரோவுக்குள் இருக்கும் காஞ்சிப் பட்டை நம்பலாமா? ஐந்தரை மீட்டர் புடவையை ஒரு புத்தக அளவுக்கு மடித்தால் எண்பது அடுக்குக்கு மேல் வரும். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் உடுத்தும் துணி கவசத் துணியைப் போல் நெருக்கமாகத் தைத்து இறுக்கப்படுவதில்லை. இழைகள் விலகி வழிவிடும். குட்ஃபெலோ காலத்துக் குண்டு மெதுவானது, முனை மழுங்கிய ஈயம். இன்றைய குண்டின் மேல் தாமிர உறை இருக்கிறது, வேகமும் கூடுதல். மடித்த புடவையை நான் நம்பமாட்டேன். கைக்குட்டை அறுபடாமல் இருந்தும் அந்த டூம்ஸ்டோன் மனிதர் இறந்துபோனார் என்பதையும் மறக்க வேண்டாம்.

காகிதம் துணிக்கு ஒன்றுவிட்ட தம்பி. 1912 அக்டோபரில் மில்வாக்கி நகரில் தியோடர் ரூஸ்வெல்ட்டைச் சுட்ட குண்டு, அவர் கோட்டுப் பையில் இரண்டாக மடித்து வைத்திருந்த 50 பக்கப் பேச்சையும் இரும்பு மூக்குக்கண்ணாடிக் கூட்டையும் துளைத்துக்கொண்டு போய் நெஞ்சுத் தசையில் நின்றது. அவர் அந்தக் காகிதங்களைக் கூட்டத்தினருக்குக் காட்டிவிட்டு ஒரு மணி நேரத்துக்கு மேல் பேசினார். நம் அரசியல்வாதிகளின் பேச்சுகள் நீளமாக இருப்பதில் ஒரு பயன் உண்டு என்று இதிலிருந்து யாரும் முடிவு கட்ட வேண்டாம். காகிதம் குண்டை நிறுத்தவில்லை, தளர்த்தியது. அதே நம்பிக்கையில் 2017-இல் அமெரிக்காவின் மினசோட்டாவில் ஓர் இளைஞர் கனமான கலைக்களஞ்சியப் புத்தகத்தை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு, காதலியைச் சுடச் சொல்லி வீடியோ எடுத்தார். துப்பாக்கி .50 ரகம், சாதாரணக் கைத்துப்பாக்கியைப் போல் மூன்று நான்கு மடங்கு ஆற்றல். குண்டு புத்தகத்தைத் தாண்டியது. அவர் இறந்தார், அவள் சிறைக்குப் போனாள்.

குண்டு தளர்வதற்குத் துப்பாக்கிக்குள்ளேயே காரணம் இருப்பதும் உண்டு. 1967 ஜனவரி 12 அன்று ராமாவரம் தோட்டத்தில் எம்.ஆர். ராதா சுட்ட குண்டு எம்.ஜி.ஆரின் கழுத்தில் பாய்ந்தும், ராதா தன்னைத் தானே சுட்டுக்கொண்டும், இருவரும் பிழைத்தார்கள். அந்தத் தோட்டாக்கள் பல ஆண்டுகளாக மேசை இழுப்பறையில் கிடந்து, திறந்து மூடும்போதெல்லாம் உருண்டு உரசி வலுவிழந்திருந்தன என்று தடயவியல் அறிஞர் பி. சந்திரசேகரன் விளக்கம் தந்தார். தமிழ்நாட்டு அரசியலின் போக்கைத் தீர்மானித்ததில் ஒரு மேசை இழுப்பறைக்கும் பங்கு இருக்கலாம்.

இனி மணலுக்கு வருவோம். எனக்கு இந்த விஷயத்தில் மிகவும் வியப்பூட்டுவது அதுதான்.

அமெரிக்கத் தரைப்படையின் நகர்ப்போர்க் கையேட்டில் ஓர் அட்டவணை இருக்கிறது. 7.62 மில்லிமீட்டர் ராணுவத் துப்பாக்கிக் குண்டு, சுமார் 3,300 ஜூல் ஆற்றலோடு கிளம்புவது, உலர்ந்த மணலில் எவ்வளவு ஆழம் போகும்? 25 மீட்டர் தூரத்திலிருந்து சுட்டால் 5 அங்குலம். 200 மீட்டரிலிருந்து சுட்டால் 7 அங்குலம். தவறாக அச்சாகவில்லை, தூரத்திலிருந்து வரும், வேகம் குறைந்த குண்டுதான் ஆழமாகப் போகிறது. மரத்தில் இந்த வேறுபாடு இன்னும் பெரிது: 13 அங்குலம், 41 அங்குலம். பக்கத்தில் சுடும்போது குண்டின் வேகம் மிக அதிகம். மோதிய கணத்தில் அது தன் வேகத்தாலேயே நசுங்கி, புரண்டு, பக்கவாட்டில் விழுந்து நின்றுபோகிறது. வேகம் கொஞ்சம் அடங்கிய குண்டு உருக்குலையாமல் ஊசிபோல நேராகப் போகிறது. தண்ணீரிலும் இதுதான் நிகழ்கிறது. காற்றைவிட எண்ணூறு மடங்கு அடர்த்தியான தண்ணீரில், வேகமான ராணுவக் குண்டு ஒரு மீட்டருக்குள் சிதறிவிடும். மெதுவான கைத்துப்பாக்கிக் குண்டு அதைவிட ஆழம் போகும்.

மணல் துகள் ஒவ்வொன்றும் அடுத்த துகளை உரசித் தள்ளுகிறது. விசை கூம்புபோல விரிந்து போகிறது. உரசலிலும் துகள் உடைவதிலும் ஆற்றல் வெப்பமாகக் கரைகிறது. ஈரக் களிமண்ணோ வழுக்கிக்கொண்டு வழிவிடும். அந்தப் பழைய பிரிட்டிஷ் கையேட்டில் .303 குண்டுக்கு மணல் 18 அங்குலம் போதும் என்றும், களிமண் என்றால் 60 அங்குலம் வேண்டும் என்றும் இருப்பதன் காரணம் இதுதான். அரிசி மூட்டையும் துகள்தான். ஆனால் அடர்த்தி மணலில் ஏறக்குறையப் பாதி. மணல் ஒரு மூட்டை என்றால் அரிசி இரண்டு மூட்டைக்கு மேல் அடுக்க வேண்டியிருக்கும்.

இந்தப் பாடத்தை ஈழத் தமிழர்களுக்கு யாரும் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை. போர்க்காலத்தில் பதுங்குகுழி இல்லாத வீடு வன்னியில் அபூர்வம். பள்ளம் வெட்டி, மேலே பனங்குற்றி அடுக்கி, அதன் மேல் மண்மூட்டை. போர் முடியும் தறுவாயில், 2009-இன் தொடக்க மாதங்களில் மக்கள் நந்திக்கடலுக்கும் கடலுக்கும் இடைப்பட்ட ஒடுங்கிய நிலத்துக்குள் நெருக்கப்பட்டபோது, இந்த ஏற்பாடும் உடைந்தது. அது கடற்கரை மணல். வெட்டினால் பக்கம் சரியும், கொஞ்சம் ஆழம் போனால் தண்ணீர் ஊறும். சுற்றிலும் மூட்டை அடுக்கியே ஆக வேண்டும். மணல் கொட்டிக் கிடக்கிறது, அதைப் போட்டுக் கட்டச் சாக்கு இல்லை. பெண்கள் தங்கள் சேலைகளை வெட்டிப் பைகளாகத் தைத்தார்கள். இடம்பெயர்ந்த ஒவ்வொரு முறையும் எதையெதையோ விட்டுவிட்டு, இதை மட்டும் விடாமல் கொண்டுவந்த கல்யாணக் கூறைப் பட்டும் அதில் போனது. முள்ளிவாய்க்காலில் வண்ண வண்ணமாகக் கிடந்த அந்த மூட்டைகளைப் பற்றித் தப்பி வந்தவர்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார்கள்.

இயற்பியலின்படி அங்கே குண்டைத் தடுத்தது பட்டல்ல, மணல். சேலையின் வேலை மணலை நிற்க வைப்பது. பட்டும் நைலக்ஸும் சணல்சாக்கைப் போல எளிதில் உளுத்துப்போகாதவை என்பதால் அந்த வேலைக்கு மோசமில்லை. துப்பாக்கிச் சன்னத்தையும், பக்கவாட்டில் சீறும் எறிகணைச் சிதறலையும் ஓரடி மணல் பெரும்பாலும் பிடித்துவிடும். நேராக மேலே விழும் எறிகணையை எந்த மூட்டையும் தடுக்காது. 40,000 பேர் வரை பொதுமக்கள் இறந்திருக்கக்கூடும் என்று 2011-இல் ஐ.நா. வல்லுநர் குழு சொன்ன எண்ணில், மணல்மூட்டைகளுக்குப் பின்னால் இருந்தவர்களும் அடக்கம்.

இதையெல்லாம் முறையாகச் சோதிக்கும் இடங்கள் இருக்கின்றன. இந்தியாவில் சண்டிகரில் உள்ள பாதுகாப்பு ஆராய்ச்சி, மேம்பாட்டு அமைப்பின் (டி.ஆர்.டி.ஓ.) டெர்மினல் பாலிஸ்டிக்ஸ் ஆய்வகம் அவற்றுள் முதன்மையானது. கவச உடையைச் சோதிக்கும்போது பின்னால் ஒரு களிமண் கட்டியை வைத்துச் சுடுவார்கள். குண்டு உடையைத் துளைத்ததா என்று மட்டும் பார்ப்பதில்லை. களிமண்ணில் எவ்வளவு குழி விழுந்தது என்றும் அளப்பார்கள். அமெரிக்கத் தரத்தில் 44 மில்லிமீட்டருக்கு மேல் குழி விழுந்தால் உடை தோற்றது, குண்டு உள்ளே வராவிட்டாலும் சரி. அந்தக் குழி உங்கள் விலா எலும்பிலும் ஈரலிலும் விழுவது. இந்திய உடைகளுக்கு 2018-இல் வந்த ஐ.எஸ். 17051 தரம் இருக்கிறது. 2024 செப்டம்பரில் டி.ஆர்.டி.ஓ.வும் டெல்லி ஐ.ஐ.டி.யும் சேர்ந்து அறிவித்த 'அபேத்' உடையில் இழை அடுக்கோடு போரான் கார்பைடு பீங்கான் தகடும் சேர்கிறது. பீங்கான் குண்டின் முனையை நொறுக்கும், இழை மிச்சத்தைப் பிடித்து நிறுத்தும். அப்படியும் குறைந்தது 8.2 கிலோ எடை.

குண்டு துளைக்காதது என்று எதையாவது யாராவது விற்க வந்தால் எந்தக் குண்டு என்று கேளுங்கள். கைத்துப்பாக்கியின் 500 ஜூலைத் தாங்கும் உடை ஏ.கே. 47-இன் 2,000 ஜூலுக்குத் துணிச் சட்டைதான். எங்காவது துப்பாக்கிச் சத்தத்துக்கு நடுவே மாட்டிக்கொண்டால் ஜன்னலுக்கும் கதவுக்கும் நேராக இல்லாமல், கான்கிரீட் தூணுக்கோ முழுச் செங்கல் சுவருக்கோ பின்னால் தரையோடு படுங்கள். தெருவில் என்றால் காரின் கதவை விட்டுவிட்டு எஞ்சின் பக்கம் போங்கள். கல்யாண ஊர்வலத்தில் வானத்தைப் பார்த்துச் சுடுகிற உறவினர் இருந்தால், பந்தல் துணியும் தகரக் கூரையும் குண்டைத் தடுக்காது என்பதோடு இன்னொன்றையும் அவரிடம் சொல்லுங்கள்: 2019-இல் திருத்தப்பட்ட ஆயுதச் சட்டப்படி, பிறர் உயிருக்கு ஆபத்தாகக் கொண்டாட்டத்துக்குச் சுடுவது இரண்டு ஆண்டு வரை சிறை, அல்லது ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.